அலுமாரியில் வைக்க முடியாத மருந்து

மாமிக்கு தைரொயிட் ஸ்கேன். காலை 8 மணிக்கு முன் வந்துவிட வேண்டும், பிந்தினால் மருந்து இருக்காது என்று கிளினிக் கொப்பியில் எழுதிக் கொடுத்திருந்தார்கள். அன்று பார்த்து விடியவே மழை. வெள்ளவத்தையில் காலி வீதி அப்படியே உறைந்து கிடந்தது. ஓட்டோவுக்குள் நான் மணிக்கூட்டைப் பார்ப்பதும் வெளியே பார்ப்பதுமாக இருக்க, மாமி மட்டும் அசையவில்லை.

"என்ன தம்பி, ஏன் இப்பிடி அந்தரப்படுறீர்? மருந்து எழும்பி ஓடவே போகுது?"

உண்மையில் அது ஓடிக்கொண்டுதான் இருந்தது. மாமிக்கு ஏற்றப்போகும் கதிர்வீசும் மருந்தின் பெயர் தெக்னீசியம்-99எம். அதன் அரைவாழ்வுக்காலம், அதாவது பாதியாகக் குறைய எடுக்கும் நேரம், 6 மணித்தியாலம். காலை 7 மணிக்கு 100 பங்கு இருந்தால் பகல் 1 மணிக்கு 50, இரவு 7 மணிக்கு 25, மறுநாள் விடிய 7 மணிக்கு 6 பங்குதான் மிச்சம். குளிர்சாதனப் பெட்டியில் வைத்தாலும் சரி, வெயிலில் வைத்தாலும் சரி, இந்தக் கணக்கு மாறாது. பனடோல் போல வாங்கி அலுமாரியில் அடுக்கி வைக்கிற சங்கதி இல்லை இது.

அப்படியானால் ஒரு கேள்வி வரும். இது அணு உலையிலிருந்து தொடங்குகிற பொருள், இலங்கையில் அணு உலை இல்லை. வெளிநாட்டிலிருந்து விமானத்தில் வந்து, கட்டுநாயக்கவில் இறங்கி, சுங்கம் தாண்டி, கொழும்பு நெரிசலுக்குள் ஊர்ந்து வருவதற்குள் 6 மணித்தியால ஆயுள் உள்ள ஒன்றில் என்ன மிஞ்சும்? ஒன்றும் மிஞ்சாது. அதனால் அதைக் கொண்டுவருவதில்லை. அதன் தாயைக் கொண்டுவருகிறார்கள்.

தாயின் பெயர் மொலிப்டினம்-99. அரைவாழ்வு 66 மணித்தியாலம், கிட்டத்தட்ட இரண்டே முக்கால் நாள். வெளிநாட்டு அணு உலைகளில் யுரேனியம்-235 பிளவுறும்போது உருவாகும் பல துண்டுகளில் இதுவும் ஒன்று. அதைப் பிரித்தெடுத்து, விரல் அளவான ஒரு கண்ணாடிக் குழாய்க்குள் நிரப்பிய அலுமினாத் தூளில் ஒட்ட வைத்து, சுற்றிவர ஈயக் கவசம் போட்டு அனுப்புகிறார்கள். வெளியே பார்த்தால் சின்ன வாளி அளவுதான். தூக்கிப் பார்த்தால்தான் ஈயத்தின் பாரம் தெரியும்.

அந்தக் குழாய்க்குள் நடப்பது எனக்குப் பிடித்த இரசாயனம். மொலிப்டினம் அங்கே மொலிப்டேற்று அயனாக, இரண்டு மறை ஏற்றங்களோடு அலுமினாவை இறுகப் பிடித்துக்கொண்டிருக்கும். அதன் கருவில் ஒரு நியூத்திரன் புரோத்தனாக மாறி, ஓர் இலத்திரனை வெளியே தள்ளுகிறது. புரோத்தன் எண்ணிக்கை 42இலிருந்து 43 ஆகிவிட்டது. அதாவது மூலகமே மாறிவிட்டது. இப்போது அது தெக்னீசியம். புதிய அயனுக்கு ஒரேயொரு மறை ஏற்றம்தான், பிடி தளர்ந்துவிடும். காலையில் ஒரு பக்கம் உப்புநீர்க் குப்பியையும் மறுபக்கம் வெற்றிடக் குப்பியையும் செருகினால், வெற்றிடம் உப்புநீரைக் குழாய் வழியே இழுக்கும். தெக்னீசியம் கழுவுண்டு வரும், மொலிப்டினம் அங்கேயே நிற்கும். சில நிமிட வேலை.

இதைப் பால் கறப்பது என்றே சொல்கிறார்கள், பொருத்தமான பேச்சுத்தான். காலையில் கறந்துவிட்டால் மடி காலி. அடுத்த காலைக்குள் திரும்பச் சுரந்துவிடும். ஆனால் பசு நாளுக்கு நாள் மெலிந்துகொண்டே போகும். ஒரு வாரத்தில் ஆறில் ஒரு பங்குதான் கறக்கும், ஆகவே புதுப் பசு வரவேண்டும். 2009இல் கனடாவின் சோக் ரிவர் உலை கசிவால் ஓராண்டுக்கு மேல் மூடப்பட்டபோது உலகம் முழுவதும் ஸ்கேன் திகதிகள் தள்ளிப்போயின. பழைய கையிருப்பை எடுத்து ஓட்ட வழியில்லை. கையிருப்பு என்ற ஒன்றே இந்தத் துறையில் கிடையாது.

தெக்னீசியம் மனிதன் செயற்கையாக உண்டாக்கிக் கண்டுபிடித்த முதல் மூலகம். 1937இல் இத்தாலியின் பலேர்மோ நகரில் எமிலியோ செக்ரேயும் கார்லோ பெரியரும், அமெரிக்காவில் கதிரடிபட்டு வந்த ஒரு மொலிப்டினத் தகட்டிலிருந்து அதைப் பிரித்தார்கள். செயற்கை என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லே பெயராயிற்று. மருத்துவத்துக்கு வந்த கதை இன்னும் சுவை. 1950களின் பிற்பகுதியில் அமெரிக்காவின் புறூக்ஹேவன் ஆய்வுகூடத்தில் வேறொரு கதிர்வீசும் பொருளைக் கறந்துகொண்டிருந்தவர்களுக்கு, கூடவே ஒரு மாசு வந்து தொல்லை கொடுத்தது. அந்த மாசுதான் இது.

சரி, கறந்த பாலை அப்படியே ஊசியில் ஏற்றலாமா? தைரொயிட்டுக்கு ஏற்றலாம். தைரொயிட் கலங்களின் சுவரில் அயடீனை உள்ளே இழுக்கும் ஒரு பம்பி இருக்கிறது. தெக்னீசியம் இருக்கும் அந்த அயனும் அயடைட்டு அயனும் ஏற்றத்தில் ஒன்று, அளவிலும் கிட்டத்தட்ட ஒன்று. பம்பி ஏமாந்து உள்ளே விட்டுவிடும். உள்ளே போனபின் சுரப்பிக்கு அதை வைத்து ஹோமோன் செய்யத் தெரியாது. அது மெல்ல வெளியேறிவிடும், அதற்குள் படம் எடுத்துவிட வேண்டும்.

எலும்பு, இருதயம் என்றால் சமையல் கொஞ்சம் கூடும். சிறு குப்பிகளில் உலர்தூள் தயாராக வரும், அதில் கறந்த திரவத்தை ஊற்றுவார்கள். தூளில் இருக்கும் வெள்ளீய உப்பு தெக்னீசியத்துக்கு இலத்திரன்களைக் கொடுத்து அதைத் தாழ்த்தி, வேறு மூலக்கூறுகளோடு கைகோர்க்கிற நிலைக்குக் கொண்டுவரும். எலும்புக்கான தூளில் பொசுபரசு உள்ள மூலக்கூறு இருப்பதால், எலும்பு புதிதாகக் கட்டப்படும் இடங்களில் அது போய்ப் படியும். இருதயத்துக்கான சில குப்பிகளைக் கொதிநீரில் 10 நிமிடம் வைக்கவும் வேண்டும். கதிர்வீசும் அணு எல்லாவற்றிலும் ஒன்றுதான். எங்கே போவது என்பதைக் கூட வருகிற மூலக்கூறுதான் தீர்மானிக்கிறது.

கதிர்வீசும் அணுவை அடையாளமாக வைத்து ஒன்றைப் பின்தொடரும் இந்த வேலையைத் தொடக்கிவைத்தவர் ஹங்கேரிய இரசாயனவியலாளர் ஜோர்ஜ் டி ஹெவெசி. மன்செஸ்டரில் அவர் தங்கியிருந்த போர்டிங்கில் மிச்ச இறைச்சி மறுநாள் வேறு கறியாக வருகிறது என்று அவருக்குச் சந்தேகம். தட்டில் மீந்ததில் கொஞ்சம் கதிர்வீசும் பொருளைக் கலந்துவிட்டு, அடுத்து வந்த சாப்பாட்டைக் கருவியால் சோதித்துக் கையும் களவுமாகப் பிடித்தார் என்று ஒரு கதை உண்டு. கொழும்பில் போர்டிங் சாப்பாட்டில் படித்து முடித்தவர்கள் இந்த மனிதரைச் சட்டென்று புரிந்துகொள்வார்கள். 1943ஆம் ஆண்டுக்கான இரசாயன நோபல் பரிசு அவருக்குக் கிடைத்தது, கறிக்காக இல்லை என்றாலும்.

நாங்கள் 8.20க்குப் போய்ச் சேர்ந்தோம். தாதி மணிக்கூட்டைப் பார்த்தார், மாமியைப் பார்த்தார், ஒன்றும் சொல்லவில்லை. ஈயம் சுற்றிய ஊசியில் வந்த மருந்தில் தெக்னீசியத்தின் எடை ஒரு கிராமில் சுமார் 100 கோடியில் ஒரு பங்கு. இருபது நிமிடம் கழித்து மாமி படுக்கையில், கழுத்துக்கு மேலே காமா கமரா. எக்ஸ்ரேயில் விளக்கு வெளியே இருக்கும். உடம்பு ஒளியை மறைக்கும், நிழல் விழும். இங்கே விளக்கே உடம்புக்குள். கழுத்திலிருந்து கிளம்பும் காமா கதிர்களில், ஆயிரக்கணக்கான துளைகள் கொண்ட ஈயத் தட்டின் வழியே நேராக வருபவை மட்டும் சோடியம் அயடைட்டுப் பளிங்கில் பட்டு மின்னும். மின்னல் விழுந்த இடங்களைக் கணினி ஒவ்வொன்றாகப் புள்ளி வைக்கும்.

திரையில் முதலில் மழைத்தூறல் போலச் சில புள்ளிகள். அப்புறம் அடர்ந்து அடர்ந்து ஓர் உருவம் தேறியது. ஆரோக்கியமான தைரொயிட் வண்ணத்துப்பூச்சி மாதிரி இருக்கும். மாமியுடையதில் வலது சிறகில் ஒரு பொட்டு பளீரென்று எரிந்தது, மற்றதெல்லாம் மங்கல். அந்த ஒரு கட்டி மட்டும் அளவுக்கு மீறி வேலை செய்கிறது, மீதிச் சுரப்பி ஓய்ந்து கிடக்கிறது என்று அர்த்தம். கைநடுக்கமும் மெலிவும் படபடப்பும் அங்கிருந்துதான். இப்படி எரிகிற கட்டிகள் புற்றாக இருப்பது மிக அரிது. மங்கிக் கிடக்கிற கட்டிகளில்தான் கூடுதல் கவனம் தேவை, அவற்றிலும் பெரும்பாலானவை புற்றல்ல.

வைத்தியர் அடுத்ததாக அயடீன்-131 பற்றிப் பேசினார். அதே பம்பி, ஆனால் இம்முறை உள்ளே போவது உண்மையான அயடீன். சாதாரண அயடீனுக்கும் இதற்கும் இரசாயனத்தில் வித்தியாசமே இல்லாததால் சுரப்பி ஆசையோடு எடுத்துச் சேமிக்கும். அதன் அரைவாழ்வு 8 நாள். அது வீசும் பீற்றாத் துணிக்கைகள் இழையத்துக்குள் ஒன்றிரண்டு மில்லிமீற்றருக்கு மேல் போகாது. அந்தத் தூரத்துக்குள் இருக்கிற, பசி கூடிய கட்டிக் கலங்கள்தான் முதலில் சாகும். கத்தி இல்லை, ஒரு குளிசை. கர்ப்பிணிகளுக்கும் பாலூட்டும் தாய்மாருக்கும் மட்டும் கொடுக்கவே மாட்டார்கள்.

குளிசைக்கு முன் சில நாள் மீன், கருவாடு, அயடீன் சேர்த்த உப்பு எல்லாம் நிறுத்தவேண்டி வரும் என்றார் வைத்தியர். சுரப்பி அயடீனுக்கு ஏங்கிக் கிடந்தால்தானே வருவதை வாரி எடுக்கும். கதிர்வீச்சு என்று கேட்டபோதுகூட முகம் மாறாத மாமி, இதைக் கேட்டதும்தான் கதிரையைப் பிடித்தா.

அன்றைக்கு நிறையத் தண்ணீர் குடிக்கவும், கைக்குழந்தைகளை இரவு வரை மடியில் வைத்திருக்க வேண்டாம் என்றும் சொல்லி அனுப்பினார்கள். வீட்டிலோ ஒன்றரை வயதுப் பேத்தி. பகல் முழுக்க அவள் கதவடியில் நின்று சிணுங்க, மாமி கட்டிலில் இருந்தபடியே கை காட்டிக்கொண்டிருந்தா. ஊசி போட்டது 9 மணிக்கு. இரவு சாப்பாட்டுக்குப் பிறகு என்னைக் கூப்பிட்டா.

"இப்ப எத்தினை மணி தம்பி?"

"ஒன்பது, மாமி."

விரல்களை மடித்துப் பார்த்தா. "அப்ப கால்வாசி நிக்குது. சலத்தோட போனதையும் கழிச்சா அதுவும் இல்லை. பிள்ளையத் தாரும்."