“உரிமையை வாசிக்கவே இல்ல சார், கேஸ் நிக்காதுல்ல?”

போன வாரமும் ஓர் அப்பா இதையே கேட்டுக்கொண்டு வந்தார். பையனை அடிதடி வழக்கில் முந்தின இரவு ஸ்டேஷனுக்குக் கூட்டிப்போயிருக்கிறார்கள். எத்தனை மணிக்கு, எதில் கையெழுத்து வாங்கினார்கள் என்று கேட்டேன். தெரியவில்லை. உரிமையை வாசிக்கவில்லை என்பது மட்டும் நன்றாகத் தெரிந்திருந்தது. இந்தக் கேள்வி எத்தனையாவது முறை என்று எண்ணுவதையே விட்டுவிட்டேன்.

உரிமையை வாசிக்கும் அந்த வசனம் அமெரிக்காவுடையது. பேசாமலிருக்கலாம், வக்கீல் வைத்துக்கொள்ளலாம் என்று காவலில் விசாரிக்கும் முன் சொல்லியாக வேண்டும் என்று 1966இல் மிராண்டா வழக்கில் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் விதித்தது. சொல்லாவிட்டால்? அவர் கொடுத்த வாக்குமூலத்தை அரசுத் தரப்பு தன் சாட்சியமாக வைக்க முடியாது. அவ்வளவுதான், வழக்கே தள்ளுபடி ஆகிவிடாது. எர்னெஸ்டோ மிராண்டாவே, போலீஸிடம் கொடுத்த வாக்குமூலம் இல்லாமலே, 1967 மறுவிசாரணையில் மறுபடி தண்டனை பெற்றார். அவரையே காப்பாற்றாத வசனம் நம்மூர்ப் பையனை எப்படிக் காப்பாற்றும்?

இங்கிலாந்திலும் எச்சரிப்பார்கள். ஆனால் 1994 சட்டத்துக்குப் பிறகு அங்கே வாயைத் திறக்காமலிருப்பதிலும் வில்லங்கம் உண்டு: விசாரணையில் சொல்லாததைக் கோர்ட்டில் புதிதாகச் சொன்னால் அது எதிராகவே திரும்பலாம். அதற்கு ஈடாக ஸ்டேஷனிலேயே இலவசச் சட்ட ஆலோசனை கிடைக்கும். ஒழுங்குக்குப் பேர்போன ஜப்பானிலோ குற்றம் சாட்டாமலே 23 நாள் வரை வைத்திருக்கலாம். விசாரணை அறையில் வக்கீல் கூட உட்காருவது வழக்கமில்லை.

நம் சட்டம் வேறு வழியில் போகிறது. போலீஸிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம் பொதுவாகச் சாட்சியமே ஆகாது. 1872 சாட்சியச் சட்டத்திலேயே இருந்ததுதான். இப்போது புதிய சாட்சியச் சட்டத்தின் 23ஆம் பிரிவு. (அந்த வாக்குமூலத்தை வைத்துப் போலீஸ் கத்தியைக் கண்டெடுத்தால் அந்தப் பகுதி மட்டும் உள்ளே வரும். பல வழக்குகள் அந்தச் சந்தில்தான் நுழைகின்றன.) “ஒப்புக்கொள்ளக் கட்டாயமில்லை” என்று சொல்ல வேண்டியவர் மாஜிஸ்திரேட். போலீஸ் சொல்ல வேண்டியது கைதுக்கான காரணத்தை; வீட்டுக்கும் தகவல் தர வேண்டும்.

ஆகவே வசனத்தை விட்டுவிட்டுக் கடிகாரத்தைப் பாருங்கள். பயண நேரம் போக 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்தியாக வேண்டும். அந்த 24 எப்போது தொடங்கியது என்பதில்தான் தகராறே. “சும்மா விசாரணைதான்” என்று கூட்டிப்போனால் எந்த ஸ்டேஷன், எத்தனை மணி, யார் வந்தார்கள் என்று அப்போதே யாருக்காவது வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடுங்கள். அரெஸ்ட் மெமோவில் (கைதுக் குறிப்பில்) சாட்சிக் கையெழுத்துக் கேட்டால், போட்டிருக்கும் நேரத்தைப் படியுங்கள், அப்புறம் போடுங்கள். வெற்றுத்தாளில் கையெழுத்தா? கூடவே கூடாது. வக்கீலுக்குப் பணமில்லையா, 15100 என்ற எண்ணுக்குப் போன் அடியுங்கள். இலவசச் சட்ட உதவி கிடைக்கும்.

இன்னொன்று. “ஏதாவது சொல்ல வேண்டுமா?” என்று மாஜிஸ்திரேட் கேட்கும்போது, பேசாமலிருக்கும் உரிமை பற்றி அவ்வளவு பேசிய பையன்கள் ஊமையாக நிற்கிறார்கள். அடி விழுந்திருந்தால், தயவுசெய்து அங்கே வாயைத் திறந்து சொல்லச் சொல்லுங்கள்.