கையேட்டுக்குள் ஒளிந்திருக்கும் ஊர்

காட்டில் திசை தெரியாமல் போனால் என்ன செய்வது? பயிற்சிக் கையேடுகள் பலவற்றிலும் ஒரு பாடம் உண்டு. கைக்கடிகாரத்தின் மணிமுள்ளைச் சூரியனுக்கு நேராகத் திருப்புங்கள். அந்த முள்ளுக்கும் 12-க்கும் நட்டநடுவே தெற்கு இருக்கும்.

எழுதியவர் பொய் சொல்லவில்லை. சூரியன் வானைச் சுற்ற 24 மணி நேரம், முள்ளுக்கு 12 மணி நேரம். அதனால்தான் கோணத்தைப் பாதியாக்குகிறோம். வட மிதவெப்ப மண்டலத்தில் இது ஓரளவு பொருந்தும். தென் அரைக்கோளத்தில் 12-ஐச் சூரியனுக்குக் காட்ட வேண்டும். அப்போது 12-க்கும் முள்ளுக்கும் நடுவே கிடைப்பது வடக்கு. நிலநடுக்கோட்டிலோ முறையே குலைந்துவிடுகிறது. பகலும் இரவும் சமமாகும் சமஇரவு நாளில் அங்கே நிற்பவருக்குச் சூரியன் காலை முழுவதும் நேர்கிழக்கிலேயே இருக்கும். உச்சியைத் தாண்டியதும் நேர்மேற்குக்குப் போய்விடும். முள் மட்டும் தன் பாட்டுக்குச் சீராகச் சுற்றிக்கொண்டிருக்கும்.

கையேட்டை வேறு நிலத்துக்குக் கொண்டுபோகிறவர்கள் பெரும்பாலும் அடியை மீட்டராக்கிவிட்டு வேலை முடிந்ததென்று எழுந்துவிடுகிறார்கள். அவர்கள் தேட வேண்டியது, விதிக்குள் ஒளிந்திருக்கும் ஊரை. கடிகாரப் பாடத்தை எடுத்துவிட்டுக் குச்சி நிழலை வைக்கலாம்: நண்பகலை ஒட்டி, கால் மணி நேர இடைவெளியில் நிழல் நுனியை இருமுறை குறித்தால் முதல் குறி மேற்கு, அடுத்தது கிழக்கு. இரு அரைக்கோளங்களிலும் இது செல்லும்.

தண்ணீர் கொதிக்கவைக்கும் பாடத்தில் ஒளிந்திருப்பது உயரம். மேலே போகப் போகக் காற்றழுத்தம் குறையும். 3,000 மீட்டரில் தண்ணீர் சுமார் 90 டிகிரியிலேயே கொதித்துவிடும். ஆகவே கொதி வந்தபின் ஒரு நிமிடம் என்பது, சுமார் 2,000 மீட்டருக்கு மேல் மூன்று நிமிடமாகிறது.

நடைவேகக் கணக்கு இன்னும் வம்பானது. ஸ்காட்லாந்து மலையேறி வில்லியம் நெய்ஸ்மித் 1892-இல் சொன்ன விதிப்படி 5 கிலோமீட்டருக்கு ஒரு மணி, 600 மீட்டர் ஏற்றத்துக்கு இன்னொரு மணி. புதர்க்காட்டில், ஈரவெப்பத்தில், முதுகுச் சுமையோடு இது எடுபடாது. அதற்காக வேறொரு எண்ணைக் கற்பனையில் எழுதுவதும் தப்பு. பயிற்சிக்கு வந்தவர்களையே அளந்த பாதையில் நடக்கவைத்து, அவரவர் எண்ணை அவரவரே குறித்துக்கொள்ளச் செய்வதுதான் என் கட்சி.

புத்தகத்தில் பிழையே இல்லாதபோதும் கருவி காலை வாரலாம். பூமியின் காந்தப்புலம் துருவங்களை நெருங்க நெருங்கச் செங்குத்தாகச் சாய்கிறது. அதை ஈடுகட்டத் திசைகாட்டியின் முள்ளை ஒரு வட்டாரத்துக்கென்று சமன்செய்து விற்கிறார்கள். தொலைவான அட்சரேகைக்குக் கொண்டுபோனால் முள்ளின் ஒரு முனை தாழ்ந்து கூட்டில் உரசும், சில வேளை அப்படியே நின்றுவிடும். திசைகாட்டிப் பாடத்தை அச்சுக்கு அனுப்புமுன், பயிற்சி நடக்கும் இடத்திலேயே அதைத் தட்டையாகப் பிடித்து, முள் தடையின்றிச் சுழல்கிறதா என்று ஒருமுறை பார்த்துவிடுங்கள்.