பரோக் பாடகர் குழு: ‘அலங்கார இசைக்குழு’ வேண்டாம்

‘மான்டெவெர்டி கொயர்’ என்ற பரோக் பாடகர் குழுவின் பெயரை ‘மான்டெவெர்டி அலங்கார இசைக்குழு’ என்று எழுதியிருப்பதை மறுபடியும் பார்த்தேன். ‘பரோக்’ என்பதற்கு ‘அலங்காரம்’, சேர்ந்து பாடுவோரைக் குறிக்கும் ‘கொயர்’ என்பதற்கு ‘இசைக்குழு’ என்று போட்டிருக்கிறார்கள். அலங்காரமும் தவறு, இசைக்குழுவும் தவறு.

ஏறத்தாழ 1600 முதல் 1750 வரை ஐரோப்பாவில் எழுந்த பரோக் இசையை முதன்மையாகப் பாடும் குழுவைத்தான் இங்கே சொல்கிறோம். போர்த்துகீசிய மொழியில் ‘பர்ரோகோ’ என்றால் கோணல்மாணலான முத்து. ‘பரோக்’ அதிலிருந்து வந்தது என்பது பரவலான கருத்து. முதலில் அது வசைச்சொல். பிரெஞ்சு மொழிச் சிந்தனையாளர் ரூசோ 1768இல் வெளியிட்ட இசை அகராதியில் குழப்பமான இசை என்றுதான் அதற்குப் பொருள் சொல்கிறார். வசை பிற்பாடு உதிர்ந்துபோய், காலகட்டத்தின் பெயராக நிலைத்தது.

சரி, ‘அலங்காரம்’ ஏன் கூடாது? நம் இசையில் அந்தச் சொல்லுக்கு ஏற்கெனவே வேலை இருக்கிறது. சரளி வரிசை, ஜண்டை வரிசையெல்லாம் முடித்து ஏழு தாளங்களில் பயிலும் பாடம் அது. பாட்டுக் கற்றவரிடம் ‘அலங்கார இசை’ என்றால் ‘சரிகம கரி சரிகரி சரிகம’தான் நினைவுக்கு வரும். பொருளும் ஒட்டவில்லை. ஜெர்மானிய இசையமைப்பாளர் ஷூட்ஸ் 1666இல் இயற்றிய, இயேசுவின் துன்பங்களைச் சொல்லும் ‘மத்தேயு பாடுகள்’ இசையில் கருவியே கிடையாது. நற்செய்தி வாசகத்தை ஒற்றைக் குரல் ஓதுவதுபோலச் சொல்லிக்கொண்டு போகிறது. அதுவும் பரோக்தான், அதில் அலங்காரத்தை எங்கே தேடுவது? அகராதியில் முதலில் கிடைத்த பொருளை எடுத்து ஒட்டிவிட்டு, அந்த இசையை ஒரு தடவைகூடக் கேட்காமல் மொழிபெயர்ப்பதால் வரும் வினை இது.

‘இசைக்குழு’ இன்னும் மோசம். அதைக் கேட்டதும் நமக்குக் கல்யாண வரவேற்பு மேடையும் கீபோர்டும் டிரம்ஸும்தான் தோன்றும். ஜான் எலியட் கார்டினர் 1964இல் கேம்பிரிட்ஜில் தொடங்கிய மான்டெவெர்டி கொயரில் இருப்பவர்கள் பாடகர்கள். வாசிப்பதற்கு அவரே நிறுவிய ‘இங்கிலிஷ் பரோக் சோலோயிஸ்ட்ஸ்’ தனியாக இருக்கிறது. இரண்டும் ஒரே மேடையேறும்போது இரண்டையும் ‘இசைக்குழு’ என்று எழுதினால், யார் பாடினார்கள், யார் வாசித்தார்கள் என்று வாசகருக்கு எப்படித் தெரியும்?

சிலர் ‘கோரஸ்’ என்கிறார்கள். தமிழில் அது சினிமாப் பாட்டின் பின்னணிக் குரல்களுக்குப் போய்விட்டது. பரோக் கால இசையமைப்பாளர் ஹேண்டலின் ‘மெசையா’வில் வரும் அல்லேலூயா பாடலைக் கேளுங்கள். ‘அவர் என்றென்றும் ஆள்வார்’ என்ற பொருள்படும் வரியை முதலில் மிகத் தாழ்ந்த ஆண் குரல்களான பாஸ் எடுக்கும். அப்புறம் அதைவிட உயர்ந்த டெனர், ஆல்ட்டோ, கடைசியில் மிக உயர்ந்த சொப்ரானோ என்று ஒவ்வொரு குரலாக வந்து சேரும். இதில் பின்னணி என்று எந்தக் குரலை ஒதுக்குவது?

புதிதாக எதையும் படைக்க வேண்டியதில்லை. தமிழ்நாட்டுத் தேவாலயங்களில் ‘பாடகர் குழு’ நெடுநாளாகப் புழங்கும் சொல். ‘பரோக்’ காலப்பெயர், அதைத் தமிழாக்கத் தேவையில்லை. ஆங்கிலத்தில் எழுதுகிறவர்கள் நம் சங்க காலத்தைச் ‘சங்கம்’ என்றே குறிக்கிறார்களே. குழுவின் சொந்தப் பெயரையும் மாற்றக் கூடாது. ‘கொலேஜியும் வோகாலே கென்ட்’ என்று அப்படியே எழுதி, ‘1970இல் தொடங்கிய பெல்ஜியப் பாடகர் குழு’ என்று பக்கத்தில் சேர்த்தால் போதும்.