குரல் முறியும் இடத்தில் ஒலிக்கும் மணி

அஜர்பைஜான் பாடகர் ஆலிம் காசிமோவ் சம்மணமிட்டு உட்கார்ந்து தாழ்ந்த குரலில்தான் தொடங்குவார். பாட்டு ஏற ஏற, கையிலிருக்கும் கவால் என்னும் வட்டப் பறையும் மேலே ஏறும். உச்சத்தில் அது கன்னத்துக்கு அருகே வந்து நிற்கும். கண்கள் மூடிக்கொள்ளும். அப்போது குரல் சட்டென்று முறியும், ஒட்டும், மறுபடியும் முறியும். ஒரு நொடிக்குள் பலமுறை. முதன்முதலில் கேட்டபோது துக்கம் தொண்டையை அடைத்த விம்மல் என்றே எண்ணினேன். அது பல ஆண்டுப் பயிற்சியில் கைவந்த வித்தை. அஜர்பைஜானில் அதற்கு ‘ஸெங்குலே’ என்று பெயர். ‘ஸெங்’ என்றால் மணி.

இந்த இசையின் பெயர் முகாம். நாம் மருத்துவ முகாம், அகதிகள் முகாம் என்று சொல்கிறோமே, அந்தச் சொல்லும் இதுவும் ஒரே அரபு வேரில் பிறந்தவை. நிற்கும் இடம், தங்கும் இடம் என்பது பொருள். பொருத்தமான பெயர். ஏனெனில் முகாம் பாடகர் ஒரு சுருதியில் தங்கி, அதைச் சுற்றிப் பார்த்து, பிறகு அடுத்த தங்குமிடத்துக்கு ஏறுகிறார். ‘ராஸ்த்’ என்ற முகாமை எடுத்துக்கொண்டால், ‘மாயே’ என்ற பகுதியில் ஆதார சுருதி நிலைபெறும். இடையிலுள்ள பகுதிகளைக் கடந்து ‘அராக்’ வரும்போது அதே சுருதி ஒரு ஸ்தாயி மேலே ஒலிக்கும். இந்த உச்ச வட்டாரத்தை ‘ஸில்’ என்கிறார்கள். அங்கிருந்து மெல்ல இறங்கி, புறப்பட்ட இடத்திலேயே முடிப்பார்கள். முக்கிய முகாம்கள் ஏழு. ராஸ்த் வீரத்தையும் ஊக்கத்தையும், செகா காதலையும் எழுப்பும் என்று இசையமைப்பாளர் உசேயிர் ஹாஜிபெயோவ் வகுத்துச் சொன்னார்.

இவ்வளவு உயரம் ஏன் ஏற வேண்டும்? விடை குரல்வளைக்குள் இருக்கிறது.

குரல் நாண்கள் இரண்டு சிறிய தசை மடிப்புகள். வயது வந்த ஆணுக்கு ஏறத்தாழ இரண்டு சென்டிமீட்டர் நீளம்தான். இயல்பாகப் பேசும்போது அவை தடித்து, முழுப் பருமனோடும் நொடிக்கு 100 முதல் 150 முறை அதிர்கின்றன. சுருதி ஒரு ஸ்தாயி ஏறினால் இந்த எண் இரட்டிக்க வேண்டும். நாணுக்குள்ளேயே ஒரு தசை இருக்கிறது. அது நாணைக் குறுக்கித் தடிக்க வைக்கும். வெளியே இன்னொரு தசை குருத்தெலும்பைச் சாய்த்து நாணை நீட்டி மெலிய வைக்கும். சுருதி ஏறும்போது இந்த இழுபறியில் வெளித்தசையின் கை ஓங்குகிறது. ஓர் எல்லை தாண்டியதும் உள்தசை விட்டுக்கொடுத்துவிடும். நாணின் விளிம்பு மட்டும் அதிரத் தொடங்கும். நெஞ்சுக்குரல் பொய்க்குரலாகிறது. இந்த மாற்றம் படிப்படியாக நிகழ்வதில்லை, தாவலாகத்தான் நிகழ்கிறது. மகரக்கட்டு உடையும் வயதில் பையன்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே குரல் கீச்சென்று மேலே பாய்வதும் இதே தாவல்தான். அவர்களால் அதைக் கட்டுப்படுத்த முடியாது, அவ்வளவுதான் வேறுபாடு.

மேற்கத்திய ஓபராவில் இந்த மூட்டு வெளியே தெரியாதபடி பூசி மெழுகக் கற்றுக்கொடுப்பார்கள். முகாம் பாடகர் அங்கேயே போய் நின்று வேலை செய்கிறார். மெட்டு நெஞ்சுக்குரலில் ஓடுகிறது. ஒவ்வொரு சுரத்தின் விளிம்பிலும் பொய்க்குரலை நொடியின் சிறு பகுதிக்குத் தொட்டுவிட்டுத் திரும்புகிறார். நம் கர்நாடக இசையின் பிருகாவில் சுரங்கள் வேகமாக ஓடும். ஸெங்குலேயில் குரலின் இயல்பே மாறி மாறி வரும். மூச்சின் அழுத்தம் கொஞ்சம் பிசகினாலும் மணியோசை வெறும் கமறலாகிவிடும்.

கன்னத்தருகே வரும் கவாலுக்கும் ஒரு பௌதிகம் உண்டு. நம் குரலை நாம் கேட்பதில் பாதி எலும்பு வழியாக வருவது. அதில் கனத்த ஒலியே மிகுதி. குரலின் நுண்ணிய உயர் அதிர்வுகளான மேலொலிகள் வாயிலிருந்து முன்னோக்கிப் போய்விடுகின்றன. கவாலின் விட்டம் ஏறத்தாழ 35 முதல் 40 சென்டிமீட்டர். நொடிக்கு 1,000 அதிர்வுள்ள ஒலியின் அலைநீளமும் சுமார் 34 சென்டிமீட்டர்தான். ஆகவே அதற்கு மேற்பட்ட மேலொலிகளை இந்தத் தோல் நன்றாகத் திருப்பி அனுப்பும். பாடகர் தன் மணியோசையைத் தன் காதிலேயே தெளிவாகக் கேட்கிறார். பழைய கவால்களில் மீன் தோல் போர்த்தியிருப்பார்கள். சட்டத்தின் உள்ளே சிறு உலோக வளையங்கள் கிலுகிலுக்கும்.

பாடகரை ‘ஹானெந்தே’ என்கிறார்கள். அவரோடு தார், கெமாஞ்சா என்ற இரண்டு நரம்புக் கருவிகள். பாட்டு வரிகள் பெரும்பாலும் ஃபுஸூலி போன்ற கவிஞர்களின் கஸல்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் இந்தக் கலையின் தலைநகர் கராபாக் மலைநகரமான ஷுஷா. ஜப்பார் கர்யாக்டிஒக்லு 1861இல் பிறந்தது அங்கேதான். அவர் பாடியதை இசைத்தட்டுகள் காப்பாற்றியிருக்கின்றன. பின்னாளில் நாட்டின் தலைநகரான பாக்குவின் கன்சர்வேட்டரி என்னும் இசைப் பள்ளியில் ஆசிரியராகவும் இருந்தார். 1908இல் பாக்குவில் அரங்கேறிய ஹாஜிபெயோவின் ‘லெய்லியும் மெஜ்னூனும்’ ஓபராவில் பாடகர்கள் முகாம் பாட வேண்டிய இடங்களுக்கு சுரக்குறிப்பே எழுதப்படவில்லை. எந்த முகாம் என்பதுதான் குறிப்பு. மற்றதைப் பாடகரே அந்த மேடையில் உருவாக்க வேண்டும். எழுதித் தர முடியாததை எழுதாமல் விட்ட அந்தத் துணிவு எனக்கு மிகவும் பிடிக்கும்.

காசிமோவ் இசைக் குடும்ப வசதிகளோடு வளர்ந்தவர் அல்லர். 1957இல் ஷமாக்கி வட்டாரத்தில் பிறந்து, பண்ணை வேலையும் ஓட்டுநர் வேலையும் பார்த்து, 19 வயதில்தான் பாட்டே வாழ்க்கை என்று முடிவெடுத்தார். 1978இல் பாக்குவின் ஆசஃப் ஸெய்னல்லி இசைக் கல்லூரியில் சேர்ந்தார். குரல் நாண்கள் முதிர்ந்து நிலைபெறும் வயது அது. 1999இல் யுனெஸ்கோவின் இசைப் பரிசு அவரைத் தேடி வந்தது. 2008இல் முகாம் மனிதகுலத்தின் மரபுச் செல்வங்களின் பட்டியலில் சேர்ந்தது.

இப்போது அவர் மகள் ஃபெர்கானாவும் கவாலோடு அவர் பக்கத்தில் அமர்கிறார். நாண் தாவும் சுருதி வட்டாரம் ஆணுக்கும் பெண்ணுக்கும் பெரிதும் வேறுபடுவதில்லை. தந்தை தன் குரலின் உச்சிக்கு ஏறித்தான் அங்கே சேர முடியும். மகளுக்கோ அது நடுவழி. ஸில் வட்டாரத்தில் இருவர் குரலும் ஒன்றையொன்று துரத்தி முறியும்போது, எந்த மணி யாருடையது என்று சில நொடிகள் பிரித்தறிய முடிவதில்லை.