மூலையை ஒட்டி நின்றால் ஏன் முதலில் சாகிறோம்?

கல்லடியில் இருக்கும் என் மருமகன் கம்ப்யூட்டரில் வலோரன்ட் என்ற துப்பாக்கிச் சண்டை விளையாட்டு விளையாடுவான். போன வாரம் பக்கத்தில் இருந்து பார்த்தேன். சுவர் மூலையில் ஒட்டி நின்று மெல்ல எட்டிப் பார்த்தான். எதிராளி இவன் கண்ணில் படும் முன்பே இவன் ஆட்டம் முடிந்தது. "அவன் ஹேக் போடுறான் மாமா" என்றான்.

ஹேக், அதாவது ஏமாற்று மென்பொருள், இல்லை. எதிராளி மூலையிலிருந்து தள்ளி நின்றான், அவ்வளவுதான்.

கண் முகத்தின் நடுவில் இருக்கிறது. தோள் அதைவிட ஏறத்தாழக் கால் மீட்டர் வெளியே நீட்டிக்கொண்டிருக்கிறது. எட்டிப் பார்க்கும்போது நம் கண்ணுக்கு முன்னால் நம் தோள் வெளியே போய்விடும். இது இருவருக்கும் பொதுதானே, பிறகு ஏன் ஒருவர் மட்டும் தோற்கிறார்?

சுவர் விளிம்பில் ஒரு நீளத் தடியைச் சாய்த்து வைத்ததாக நினையுங்கள். விளிம்புக்கு இந்தப் பக்கம் அரை மீட்டர், அந்தப் பக்கம் ஐந்து மீட்டர். அதுதான் இருவருக்கும் இடையிலான பார்வைக் கோடு. நீண்ட முனை கால் மீட்டர் அசைந்தால் குட்டை முனை இரண்டரை சென்டிமீட்டர்தான் அசையும். கிட்ட நிற்பவரின் தோள் அவரை 25 செ.மீ. முன்னதாகவே காட்டிக்கொடுக்கிறது. தூர நிற்பவரின் தோள் அவருக்குத் திருப்பித் தருவதோ இரண்டரை செ.மீ. மட்டும். ஆக, தன்னை எதிராளி பார்த்த பிறகும் கிட்ட நிற்பவர் இன்னும் 22.5 செ.மீ. நகர்ந்தால்தான் அவனைப் பார்க்க முடியும். நொடிக்கு ஒன்றரை மீட்டர் வேகத்தில் மெல்ல நகர்ந்தால் அதற்கு 150 மில்லிநொடி. கண்ணில் பட்டதற்குக் கை அசைய மனிதனுக்கு ஏறத்தாழ 200 முதல் 250 மில்லிநொடி ஆகும் என்பதோடு சேர்த்துப் பார்த்தால் இந்த இழப்பின் அளவு விளங்கும்.

இருவரும் விளிம்பிலிருந்து ஒரே தூரம் என்றால் இந்த வித்தியாசம் பூச்சியம். வேகமாக வெளியே பாய்ந்தால் குறையும். அப்புறம், பப்ஜியில் கேமரா ஆளுக்குப் பின்னால், மேலே நிற்கும் முறையில் விளையாடினால் கணக்கே மாறிவிடும். அங்கே உடம்பை வெளியே காட்டாமலே மூலைக்கு அப்பால் பார்க்கலாம்.

உயரமான இடத்துக்கும் இதே கணக்குத்தான், தடியை நிமிர்த்திப் பிடித்தால் போதும். மொட்டை மாடி விளிம்பில் வந்து நிற்பவரின் கால் முதல் தலை வரை கீழே இருப்பவருக்குத் தெரியும். போதிய அளவு பின்வாங்கினால் உடம்பு மறைந்துவிடும். கண் தலை உச்சிக்குக் கிட்டவே இருப்பதால் தலையை மட்டும் காட்டிக்கொண்டு கீழே பார்க்கலாம்.

பிங்கையும், அதாவது விளையாட்டை நடத்தும் கணினிக்கு (சேர்வர்) செய்தி போய் வரும் நேரத்தையும், மறக்கக் கூடாது. சிங்கப்பூர் சேர்வர் கொழும்பிலிருந்து ஏறத்தாழ 2,700 கி.மீ. கண்ணாடி இழையில் ஒளி நொடிக்குச் சுமார் 2,00,000 கி.மீ. ஓடும். போய் வர 27 மில்லிநொடிக்குக் குறைய வழியே இல்லை. அந்த இடைவெளியில், ஒளிந்து நிற்பவரின் திரைக்குச் செய்தி போகும் முன் பாய்ந்து வருபவர் அவரைப் பார்த்துவிடுகிறார். தள்ளி நிற்பவரும் அசையாமல் காத்திருந்தால் ஆதாயத்தில் கொஞ்சத்தை இப்படி இழப்பார்.

இதே கணக்கைக் காண மட்டக்களப்பின் புளியந்தீவுக் கோட்டையை ஒருமுறை சுற்றிப் பாருங்கள். போர்த்துக்கேயர் 1628இல் கட்டி, 1638இல் ஒல்லாந்தர் பிடித்தது. அதன் நான்கு மூலைகளும் கொத்தளமாக வெளியே தள்ளி நிற்கின்றன. நேர்ச் சுவரின் மேலே நிற்பவனுக்குத் தன் காலடியில் வந்து ஒட்டியவனைத் தெரியாது. பக்கத்துக் கொத்தளத்தில் தள்ளி நிற்பவனுக்கு அந்தச் சுவர் அடி முழுக்கத் தெரியும்.

மருமகனை அன்று வீட்டு நடைபாதைச் சுவர் மூலையில் ஒட்டி நிற்க வைத்து, நான் மூலைக்கு அந்தப் பக்கம் ஐந்து மீட்டர் தள்ளிப் போய் நின்றேன். "இப்ப மெல்ல எட்டிப் பார், என்னைக் கண்டதும் சொல்லு." அவன் வாய் திறக்கும் முன்பே அவனுடைய நீலச் சட்டையின் தோள்பட்டை எனக்குத் தெரிந்துவிட்டது.