‘அவருக்குத் தெரியாம குடுக்க ஏதாவது இருக்கா டாக்டர்?’

மனநல ஓபியில் உட்காரும் எந்த டாக்டருக்கும் இந்தக் கேள்வி பழக்கம். கேட்பவர் பெரும்பாலும் மனைவி, இல்லாவிட்டால் அம்மா. உள்ளே வந்ததும் கதவு சாத்தியிருக்கிறதா என்று ஒருமுறை திரும்பிப் பார்ப்பார். நாற்காலியை மேசைப் பக்கம் இழுத்துப் போட்டுக்கொள்வார். குரல் தானாக இறங்கிவிடும். ‘அவருக்குத் தெரியாம’ என்று ஆரம்பித்தாலே மீதி எனக்குப் புரிந்துவிடும். அந்த ‘அவர்’ மட்டும் வந்திருக்க மாட்டார்.

(இதில் வரும் ஆட்களின் அடையாளங்களை மாற்றியிருக்கிறேன். ஒருவரிடம் மட்டும் நேரில் கேட்டு, அனுமதி வாங்கி எழுதுகிறேன்.)

சில மாதங்களுக்கு முன் வந்த ஒரு பெண், மஞ்சள் பையிலிருந்து ஒரு மாத்திரை அட்டையை எடுத்து மேசையில் வைத்தார். பாதி தீர்ந்திருந்தது. டைசல்பிராம், குடியை நிறுத்தக் கொடுக்கும் மருந்து. பக்கத்து வீட்டில் சொன்னார்களாம், கடையில் சீட்டு இல்லாமலே கொடுத்துவிட்டார்களாம்.

“நாலு நாளா பொடி பண்ணி ரசத்துல போடுறேன். நேத்து குடிச்சிட்டு வந்தாரு. மூஞ்சியெல்லாம் செவந்து, வாந்தி எடுத்து, நெஞ்சைப் புடிச்சிக்கிட்டு திண்ணையிலயே உக்காந்துட்டாரு. மருந்து வேலை செய்யுதுதானே டாக்டர்?”

எனக்கு வயிற்றைக் கலக்கிவிட்டது. குடிக்கும் மது உடலில் முதலில் அசிட்டால்டிஹைடு என்ற நஞ்சாக மாறி, அப்புறம்தான் தீங்கில்லாத பொருளாகிறது. டைசல்பிராம் அந்த இரண்டாவது வேலையை நிறுத்திவிடும். நஞ்சு ரத்தத்தில் தங்கும். முகம் சிவப்பது, தலைவலி, வாந்தி, படபடப்பு எல்லாம் அதனால்தான். பிபி சடாரென்று இறங்கலாம். இதயம் பலவீனமானவருக்கு உயிரே போகலாம். மாத்திரையை நிறுத்திய பிறகும் இரண்டு வாரம் வரை இந்த ஆபத்து இருக்கிறது. இருமல் டானிக்கில் இருக்கும் கொஞ்சம் ஆல்கஹால்கூடச் சிலருக்குப் போதும்.

அதனால்தான் இந்த மருந்தைத் தொடங்கும்முன் குடிப்பவரையே எதிரில் உட்கார வைத்து, கடைசியாகக் குடித்து 12 மணி நேரமாவது ஆகிவிட்டதா என்று கேட்டு, ஈரலையும் இதயத்தையும் பரிசோதித்து, எழுத்தில் சம்மதமும் வாங்குகிறோம். குடித்தால் என்ன ஆகும் என்ற பயம்தான் இங்கே மருந்து. விஷயம் தெரிந்தவர் கிளாஸைத் தொட யோசிப்பார். ரசத்தில் என்ன இருக்கிறது என்று தெரியாதவர் வழக்கம்போலக் குடிப்பார்.

பஸ் ஸ்டாண்டுச் சுவர்களில் பார்த்திருப்பீர்கள்: ‘குடிப்பவருக்குத் தெரியாமலேயே குடியை நிறுத்தலாம்’, கீழே ஒரு செல் நம்பர். அந்தப் பொடியில் என்ன கலந்திருக்கிறது என்று வாங்குபவருக்கு யாரும் சொல்வதில்லை.

மாத்திரை அட்டையோடு வந்த அந்தப் பெண்ணைக் கண்டிக்கும் தகுதி எனக்கு இருந்ததா என்றால், இல்லை. தொழிலுக்கு வந்த புதிதில் இதே தவறை நானே செய்திருக்கிறேன், அதுவும் சீட்டெழுதி.

ஓர் அம்மா வந்தார். 24 வயதுப் பையன், ஆறு மாதமாக அறையை விட்டு வெளியே வருவதில்லை, தனக்குள் பேசுகிறான், வீட்டுச் சாப்பாட்டில் விஷம் வைக்கிறார்கள் என்கிறான். கேட்கக் கேட்க மனச்சிதைவு நோய் என்றே தோன்றியது. ஆஸ்பத்திரிக்குக் கூப்பிட்டால் அடிக்க வருகிறானாம். அம்மா அழுதார். எனக்கும் இளகிவிட்டது. பையனைப் பார்க்காமலே ரிஸ்பெரிடோன் திரவ மருந்தை எழுதிக்கொடுத்தேன். நிறமில்லாத மருந்து. காபியில் கலந்தால் தெரியாது என்று நானே சொல்லியும் அனுப்பினேன்.

பத்து நாள் கழித்து நடு ராத்திரியில் போன். பையனுக்குக் கழுத்து ஒரு பக்கமாக முறுக்கிக்கொண்டது, கண் மேலே சொருகிவிட்டது, நாக்கு தடித்து வெளியே தள்ளுகிறது. இந்த மருந்தில் சிலருக்கு வரும் தசை இறுக்கம்தான். ஓர் ஊசியில் அரைமணி நேரத்தில் சரியாகிவிடும், அவனுக்கும் சரியானது. “ரெண்டு மில்லி சொன்னீங்க. ஒண்ணும் தெரியலையேன்னு நாலா ஊத்துனேன் டாக்டர்” என்றார் அம்மா. பக்கவிளைவு வந்தால் சொல்ல வேண்டியவன் பையன். என்ன சாப்பிடுகிறோம் என்றே தெரியாதவன் எதைச் சொல்வான்?

கழுத்து நேரானதும் அவன் கேட்ட முதல் கேள்வி, “எதுல கலந்தீங்க?”

விஷம் வைக்கிறார்கள் என்பது அவனுடைய நோய் சொன்ன பொய். அதை நானும் அவன் அம்மாவும் சேர்ந்து உண்மையாக்கிவிட்டோம்.

சரி, வீட்டில் இருப்பவர்கள் என்னதான் செய்வது? டைசல்பிராம் அட்டையோடு வந்த பெண்ணும் இதைத்தான் கேட்டார். “அப்போ நான் அடி வாங்கிக்கிட்டே இருக்கணுமா?” நியாயமான கேள்வி. மருந்தை உடனே நிறுத்தச் சொன்னேன், கணவருக்கு அன்றே ஈசிஜி எடுக்கச் சொன்னேன், அடிக்கு 181 பெண்கள் உதவி எண்ணைக் கொடுத்தேன். அப்புறம் சட்டத்தில் இருக்கும் வழியைச் சொன்னேன்.

2018-இல் நடைமுறைக்கு வந்த மனநலப் பாதுகாப்புச் சட்டம், 2017, குடியால் வரும் மனநலப் பிரச்சினைகளையும் மனநோய் என்றே கணக்கில் எடுக்கிறது. வர மறுப்பவரை அதன் 89-ஆம் பிரிவின்படி அவருடைய நியமனப் பிரதிநிதி, அதாவது தன் சார்பில் பேச அவரே நியமித்தவர், விண்ணப்பித்துச் சேர்க்கலாம். நோயாளி யாரையும் நியமித்திருக்காவிட்டால் உறவினரே அந்த இடத்துக்கு வரலாம். ஆனால் இருவர் தனித்தனியாகப் பரிசோதிக்க வேண்டும், அதில் ஒருவர் மனநல மருத்துவராக இருக்க வேண்டும். தனக்கோ பிறருக்கோ ஆபத்து, அல்லது தன்னைப் பார்த்துக்கொள்ளவே முடியாத நிலை என்று இருக்க வேண்டும். முதலில் 30 நாள்தான். சேர்த்ததை மனநல ஆய்வு வாரியத்துக்கு ஏழு நாளுக்குள் தெரிவிக்க வேண்டும். பெண், சிறார் என்றால் மூன்றே நாள். உயிருக்கு ஆபத்தான அவசரம் என்றால் 94-ஆம் பிரிவு இருக்கிறது, எந்தப் பதிவுபெற்ற டாக்டரும் 72 மணி நேரம் வரை சிகிச்சை தரலாம். இதெல்லாம் கட்டாயம்தான். ஆனால் ஒளிவுமறைவு இல்லாத கட்டாயம். நோயாளிக்குத் தெரியும், எழுத்தில் இருக்கும், எதிர்த்து முறையிட இடம் உண்டு. காபியில் கலப்பதற்கு அந்தச் சட்டத்தில் பிரிவு கிடையாது.

இன்னொன்றும் அதில் எனக்குப் பிடிக்கும். ஒருவர் எடுக்கும் முடிவு மற்றவர்களுக்குத் தவறாகப் படுகிறது என்பதற்காகவே, அவருக்கு முடிவெடுக்கும் திறன் இல்லை என்று சொல்லிவிட முடியாது என்கிறது 4-ஆம் பிரிவு. ‘மாத்திரை வேண்டாங்கிறான், அதான் பைத்தியம்’ என்ற வாதம் அங்கே எடுபடாது.

மறதி நோய் முற்றிய முதியவருக்கு மாத்திரையைத் தயிர்ச்சோற்றில் பிசைந்து கொடுப்பதும் இதே குற்றமா என்று சக டாக்டர்கள் கேட்பதுண்டு. இல்லை என்றே நினைக்கிறேன். ஆனால் அங்கேயும் டாக்டர் நேரில் பார்த்து, குடும்பத்தோடு பேசி, நோட்டில் எழுதிவைத்துச் செய்வதுதான் முறை.

மாத்திரை மட்டும்தான் ஒளிக்கப்படுகிறது என்றில்லை. ‘சத்து ஊசின்னு சொல்லிப் போட்டுடுங்க’ என்பார்கள்; மாதம் ஒருமுறை போடும் மனநோய் ஊசியைத்தான். ‘கோயிலுக்குப் போறோம்னு சொல்லிக் கூட்டிட்டு வந்தோம், நீங்களும் கண் டாக்டர்னு சொல்லுங்க’ என்பார்கள். நான் சொல்வதில்லை. “நான் மனநல டாக்டர். உங்களை ஏமாத்திக் கூட்டிட்டு வந்திருக்காங்க, அதுக்கு நான் வருத்தப்படுறேன்” என்றுதான் பேச்சைத் தொடங்குவேன். பாதிப் பேர் கோபமாக எழுந்து போவார்கள் என்று முதலில் பயந்தேன். பெரும்பாலும் உட்கார்ந்துவிடுகிறார்கள். ரொம்ப நாள் கழித்து ஒருவர் அவர்களிடம் உண்மை பேசுகிறார், அதனால் இருக்கலாம்.

நோயாளியிடம் கேட்கவே வேண்டாம் என்ற பழக்கம் எதுவரை போகும் என்பதை நம் மாநிலம் பார்த்திருக்கிறது. 2001 ஆகஸ்ட் 6 அன்று ராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில் மனநோயாளிகளைத் தங்கவைத்திருந்த ஓலைக் கொட்டகை தீப்பிடித்தபோது, குடும்பத்தார் கொண்டுவந்து விட்டுப்போன நோயாளிகள் சங்கிலியில் இருந்தார்கள். 28 பேர் இறந்தார்கள். எந்த வகையிலும் சங்கிலியால் கட்டக் கூடாது என்று இன்று சட்டத்தின் 95-ஆம் பிரிவு சொல்கிறது.

அடுத்தது கல்யாணம். பைபோலார் நோய்க்கு (அளவுமீறிய உற்சாகமும் சோர்வும் மாறி மாறி வரும் நோய்) வால்ப்ரோயேட் என்ற மாத்திரை சாப்பிட்டு இரண்டு வருடமாக நன்றாக இருக்கும் பெண். நிச்சயம் முடிந்துவிட்டது. “மாப்பிள்ளை வீட்டுக்குத் தெரியாம, வைட்டமின் டப்பாவுல போட்டு எடுத்துட்டுப் போகட்டும்” என்றார் அம்மா. அவரைக் கொஞ்சம் வெளியே இருக்கச் சொல்லிவிட்டுப் பெண்ணிடம் பேசினேன். கருவுற்ற காலத்தில் வால்ப்ரோயேட் சாப்பிட்டால் பத்தில் ஒரு குழந்தைக்குப் பிறவிக் குறைபாடு வரலாம், அதனால் மருந்தை இப்போதே மாற்ற வேண்டும். கல்யாண வீட்டில் நாலு நாள் தூக்கம் கெட்டாலே நோய் திரும்பலாம், முகூர்த்தம் விடியற்காலை என்றால் முந்தின ராத்திரி வரவேற்பைச் சீக்கிரம் முடித்துவிட்டுப் படுக்க வேண்டும். இதையெல்லாம் அந்த வீட்டில் ஒருவருக்குமே தெரியாமல் எப்படிச் சமாளிப்பாள்?

“நான் அவர்கிட்ட சொல்லணுமா டாக்டர்?” என்றாள். “அது உன் முடிவும்மா. நான் யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்” என்றேன். அவளே சொன்னாள். சம்பந்தம் நின்றுபோனது. அவள் அம்மா ஒரு வருடம் என்னோடு பேசவில்லை. சொன்னது சரிதான் என்று அவள் சொல்கிறாள். அம்மா இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை.

இடையில் ஒரு போன் வந்தது. மாப்பிள்ளையின் மாமாவாம். “பொண்ணு உங்ககிட்டதான் பாக்குதாமே, ஒரே ஒரு வார்த்தை சொல்லுங்க போதும்.” இங்கே யார் வருகிறார்கள், யார் வரவில்லை என்பதைச் சொல்வதில்லை என்றேன். 23-ஆம் பிரிவின்படி அது நோயாளியின் உரிமை. இன்னொருவர் உயிருக்கு ஆபத்து, கோர்ட் உத்தரவு போன்ற சில விலக்குகள்தான் உண்டு. கல்யாண விசாரணை அந்தப் பட்டியலில் இல்லை. இதில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. வராதவர்களைப் பற்றிக் கேட்டாலும் இதே பதில்தான் சொல்ல வேண்டும். ‘அப்படி யாரும் வரலையே’ என்று நாலு பேருக்கு உதவியாகச் சொல்லிவிட்டால், ஐந்தாவது ஆளுக்குச் ‘சொல்ல முடியாது’ என்னும்போதே விஷயம் வெளியே போய்விடும். வரவேற்பில் போன் எடுக்கும் பெண்ணுக்கு நான் முதல் நாளே சொல்லித்தருவது இதைத்தான்.

காபியில் மருந்து குடித்த அந்தப் பையன் அதன்பின் இரண்டு வருடம் எந்த டாக்டரிடமும் போகவில்லை. அப்புறம் ஒருநாள் தானாகவே வந்தார். உட்காரும் முன்பே, “அன்னைக்கு எழுதிக் குடுத்தது நீங்கதானே?” என்று கேட்டார். ஆமாம் என்றேன். உங்களைப் பார்க்காமல் எழுதியது என் தப்பு என்றும் சொன்னேன். கொஞ்ச நேரம் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அன்றைக்குச் சீட்டில் ஒவ்வொரு மருந்தின் பெயரையும், எதற்கு என்பதையும், என்ன பக்கவிளைவு வரலாம் என்பதையும் தமிழில் எழுதித் தரச் சொன்னார். எழுதிக்கொடுத்தேன்.

இப்போது 30-ஐத் தாண்டிவிட்டார், வேலைக்குப் போகிறார். மாத்திரையை அவரேதான் பிரித்துப் போட்டுக்கொள்கிறார். அம்மா சமைத்த சாப்பாட்டையும் சாப்பிடுகிறார். காபி மட்டும் இன்னும் அவரே போட்டுக்கொள்கிறாராம்.