பழகிய பாதை குழம்பும்போது

கோத்தகிரி, குன்னூர்ப் பக்கம் வயதானவர்கள் பேச உட்கார்ந்தால் ‘பேரெல்லாம் மறந்துபோகுது’ என்ற புலம்பல் எப்படியும் வந்துவிடும். பெயர் தொண்டை வரை வந்து நிற்பதும், அரை மணி கழித்து ஞாபகம் வருவதும் பெரும்பாலும் வயதின் வேலைதான். கவலைப்பட வேண்டியது வேறொன்று. வருஷக்கணக்காகத் தேயிலைக் கொழுந்து பறிக்கப் போய்வந்த பாதையில், தோட்டக் குடியிருப்பிலுள்ள தன் லைன் வீட்டுக்கு எந்தப் பக்கம் திரும்புவது என்று ஒருவர் தடுமாறி நிற்கிறார் என்றால் அதை விட்டுவிடக் கூடாது. அல்சைமர் நோயில் ஆரம்பத்திலேயே தலைகாட்டக்கூடிய அறிகுறி அது.

வழி தெரிவது என்பது மூளைக்குள் தனியாக நடக்கும் ஒரு வேலை. 1971இல் லண்டனில் ஜான் ஓ’கீஃப் குழுவினர், எலியின் மூளையில் ஹிப்போகாம்பஸ் என்ற பகுதியை ஆராய்ந்தார்கள். எலி ஒரு குறிப்பிட்ட இடத்துக்கு வந்தால் ஒரு செல் துடித்தது. இடம் மாறினால் வேறொரு செல். 2005இல் நார்வேயின் மே-பிரிட் மோசர், எட்வர்ட் மோசர் குழுவினர் ஹிப்போகாம்பஸுக்குப் பக்கத்திலிருக்கும் என்டோரைனல் புறணி என்ற பகுதியில் இன்னொரு வகை செல்லைக் கண்டார்கள். அதில் ஒரே செல், தரை முழுக்க அறுகோண ஒழுங்கில் பரவிய பல புள்ளிகளில் துடித்தது. எவ்வளவு தூரம் நடந்தோம், எங்கே திரும்பினோம் என்ற கணக்கு இதை வைத்துத்தான் ஓடுகிறது என்று கருதப்படுகிறது. மூவருக்கும் 2014இல் நோபல் பரிசு கிடைத்தது.

அல்சைமரில் அமிலாய்டு என்ற புரதம் நரம்பு செல்களுக்கு வெளியே படிகிறது; டாவ் என்ற புரதம் உள்ளே முறுக்கிச் சிக்காகிறது. டாவ் சிக்குகள் மிக முன்னதாகப் பிடிக்கும் இடங்களில் ஒன்று இதே என்டோரைனல் புறணி.

டவுனில் இந்தக் கோளாறு கொஞ்ச நாள் மறைந்திருக்கலாம். கோயில், டீக்கடை, பஸ் ஸ்டாண்டு என்று அடையாளங்கள் கைகொடுக்கும். தேயிலைத் தோட்டத்தில் என்ன இருக்கிறது? இடுப்பளவுக்குச் சமமாக வெட்டிய செடிகள், ஒரே மாதிரி நிற்கும் சில்வர் ஓக் மரங்கள். மூடுபனி இறங்கிவிட்டால் அதுவும் இல்லை. உள்கணக்கு ஒன்றுதான் துணை. அதனால் தோட்டத்துக்காரர்களிடம் இந்த அறிகுறி சீக்கிரம் வெளிப்படலாம் என்பது என் ஊகம்.

சரி, எல்லா மறதியும் அல்சைமர் இல்லை. மூளை ரத்தக்குழாய் அடைபட்டு வருகிற மறதி நோயில், நிலைமை கொஞ்ச நாள் அப்படியே நின்று, பிறகு திடீரென்று ஒரு படி கீழே இறங்கலாம். மூளையின் முன்பகுதி சுருங்கும் வகையில் ஆரம்பத்தில் ஞாபகம் பெரும்பாலும் நன்றாகவே இருக்கும், குணம்தான் மாறிப்போகும். லூயி பாடி என்ற இன்னொரு வகையில் இல்லாத ஆளும் நாயும் கண்ணுக்குத் தெரியலாம். வீட்டார் மந்திரிக்கக் கூட்டிப்போவார்கள். அதைவிட ஆபத்து, மனநோய்க்கான சில மாத்திரைகளைக் கொடுப்பது. இவர்களுக்கு அவை கடுமையாக ஒத்துக்கொள்ளாமல் போகலாம்.

இவையெல்லாம் பொதுவாக மாதக்கணக்கில், வருஷக்கணக்கில் வளர்பவை. நேற்று வரை தெளிவாக இருந்தவர் இன்று திடீரென்று குழம்பினால், பேச்சைத் தொடர முடியாமல் தூங்கி வழிந்தால் அது டெலிரியம் என்ற திடீர் மனக்குழப்பமாக இருக்கலாம். அவசரம். சிறுநீர்த் தொற்று, நிமோனியா, ரத்தத்தில் சோடியம் குறைவது, புதிதாகத் தொடங்கிய மாத்திரை என்று பின்னால் ஏதோ ஒரு காரணம் இருக்கும். ஒரு பக்கம் கை கால் விழுந்தாலோ வாய் கோணினாலோ பக்கவாதமாக இருக்கலாம். ஒரு நிமிஷமும் தாமதிக்கக் கூடாது.

மலையில் கூடுதலாக இரண்டு காரணங்களைச் சேர்த்துக்கொள்ள வேண்டும். ஒன்று குளிர்: உடல் வெப்பம் இறங்கினாலே புத்தி மந்தமாகும், வயதானவர்களுக்கு நடுக்கம்கூட வராமல் போகலாம். இன்னொன்று, ஊட்டியின் உறைபனி மாதங்களில் ஜன்னலை அடைத்துவிட்டு அறைக்குள் வைக்கும் கரி நெருப்பு. அதிலிருந்து வரும் கார்பன் மோனாக்சைடு, ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கும் மேல் இறுக்கமாக ஹீமோகுளோபினைப் பற்றிக்கொள்ளும். உயிர் தப்பியவர்களில் சிலருக்குச் சில நாள், சில வாரம் கழித்து மறதியும் நடைத் தடுமாற்றமும் வருவதுண்டு. அந்த ராத்திரியை யாரும் நினைத்துப் பார்க்காமல், ‘வயசாச்சு’ என்று முடித்துவிடுவார்கள்.

டாக்டரிடம் போகும்போது எப்போது தொடங்கியது, திடீரென்றா மெதுவாகவா, என்னென்ன மாத்திரை, அறையில் கரி எரிந்ததா என்பதைச் சொல்லுங்கள். வைட்டமின் பி12, தைராய்டு இரண்டுக்கும் ரத்தப் பரிசோதனையைக் கேட்டுச் செய்துகொள்ளுங்கள். குறை அங்கே இருந்தால் மருந்து இருக்கிறது. சீக்கிரம் பிடித்தால் தெளிவு திரும்பவும் வாய்ப்புண்டு.